இருபத்துமூன்று அறிவித்தல்கள்: திருகோணமலையில் ஓர் உரிமைச் சட்டத்தரணியின் காணி வழக்கு

இந்த வழக்கில் நான் கனிஷ்ட சட்டத்தரணியாக இருந்தேன். பைல் என் கையில் இருந்தது. நாட்குறிப்பும் நான்தான் எழுதினேன். சம்பந்தப்பட்டவர்களின் சம்மதத்துடன் இதைப் பதிவு செய்கிறேன். ஊரின் பெயர், குடும்பங்களின் அடையாளங்கள், அறிவித்தல் ஒட்டிய அரச நிறுவனத்தின் பெயர் ஆகியவற்றைத் தவிர்த்திருக்கிறேன். சட்டங்களும் ஆண்டுகளும் உள்ளபடியே உள்ளன. இதே போன்ற அறிவித்தலோடு நாளை வேறொரு ஊரார் வேறொரு சட்டத்தரணியின் வாசலில் நிற்கக்கூடும். அவருக்கு இது உதவினால் போதும்.

பின்னணி: சட்டத்தரணி

வழக்கை நடத்தியவர் திருகோணமலையில் பிறந்து, 1990 ஆம் ஆண்டு இடப்பெயர்வில் படிப்பு குழம்பி, பிறகு சட்டக் கல்லூரிக்குப் போய்ச் சத்தியப்பிரமாணம் செய்து ஊருக்கே திரும்பி வந்தவர். கொழும்பிலேயே இருக்கும்படி பலர் சொல்லியிருக்கிறார்கள். முதல் ஆண்டுகளில் அவரும் எங்கள் ஊர்ச் சட்டத்தரணிகள் பலரைப் போல நொத்தாரிசு வேலையில்தான் சீவித்தார்: உறுதி எழுதுவது, மரணசாதனம், விவாகரத்து, காசோலை வழக்கு.

2006 அவரது தொழிலை மாற்றியது. அந்த ஆண்டு ஜனவரி 2 ஆம் திகதி திருகோணமலைக் கடற்கரையில் ஐந்து மாணவர்கள் கொல்லப்பட்டார்கள். ஓகஸ்டில் மூதூரில் 17 தொண்டுப் பணியாளர்கள் கொல்லப்பட்டார்கள். சம்பூர் மக்கள் உடுத்த துணியோடு ஊரை விட்டுப் போனார்கள். பிள்ளையைக் காணவில்லை என்று வரும் தாய்மாரிடம் உறுதி எழுதும் கட்டணத்தைக் கேட்க முடியாது என்று அவர் சொல்வார். அரசியலமைப்பின் 154 பி(4) உறுப்புரையின் கீழ் மாகாண மேல் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுக்களும், கொழும்பில் நாட்டின் உச்ச நீதிமன்றமான உயர் நீதிமன்றத்தில் 126 ஆவது உறுப்புரையின் கீழ் அடிப்படை உரிமை மனுக்களும் தாக்கல் செய்யத் தொடங்கினார். பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் பிடிபட்டவர்களைப் பார்க்க வெலிக்கடைச் சிறைக்கும் பூசா தடுப்பு முகாமுக்கும் போய் வந்தார்.

அந்த ஆண்டுகளில் அவர் ஒன்றைக் கண்டுகொண்டார். கைது செய்ததற்கு ஒரு துண்டு ரசீது இருந்த ஆளைத் தேடிப் பிடிக்க முடிந்தது. ரசீது இல்லாத ஆளைப் பற்றிச் சாட்சி சொல்ல மனிதர்கள் மட்டுமே இருந்தார்கள். சாட்சிகள் பயந்தார்கள், நாட்டை விட்டுப் போனார்கள், இறந்தார்கள். ஐந்து மாணவர் வழக்கில் குற்றஞ்சாட்டப்பட்டிருந்த 13 பேரும் போதிய சான்று இல்லையென்று 2019 ஜூலையில் விடுவிக்கப்பட்டபோது, இந்தக் காணி வழக்கின் நடுவே நாங்கள் நின்றிருந்தோம். அன்று அவர் அலுவலகத்தில் யாரோடும் பேசவில்லை. பின்னேரம் மட்டும், “கடதாசியைத் தேடு, கடதாசி ஓடிப் போகாது” என்றார். கீழே வரும் முடிவுகளில் பல அந்த நம்பிக்கையிலிருந்து எடுக்கப்பட்டவை. அவற்றின் பலமும் பிழையும் அங்கேதான் இருக்கின்றன.

பின்னணி: ஊர்

திருகோணமலை நகருக்கு வடக்கே கரையோரமாக உள்ள ஊர் அது. தமிழ்க் குடும்பங்களும் முஸ்லிம் குடும்பங்களும் கலந்து வாழ்கின்றன. கரைவலை, சிறு தோணி, மாரியில் சோளமும் கச்சானும் போடும் சேனை, இவைதான் சீவனோபாயம். எழுபதுகளிலும் எண்பதுகளின் தொடக்கத்திலும் இங்கே 1935 ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ், அரச காணியில் குடியிருந்து பயிர்செய்ய அனுமதிப்பத்திரம் வழங்கப்பட்டது. சனம் அதைப் பெர்மிட் என்பார்கள். 1990 ஜூனில் ஊர் முழுக்க இடம்பெயர்ந்தது. சிலர் முகாம்களுக்குப் போனார்கள், சிலர் படகில் இந்தியாவுக்குப் போனார்கள். 2003 இல் சிலரும் 2010 க்குப் பிறகு மற்றவர்களும் திரும்பி வந்தார்கள். பெர்மிட் கையில் இருந்தவர்கள் நான்கு பேர். ஒருவருடையது ஈரத்தில் ஒட்டிப்போய்ப் பிரிக்க முடியாமல் இருந்தது.

என்ன நடந்தது: முதல் 17 நாட்கள்

2017 ஒக்டோபரில் ஒரு காலை 23 வீடுகளின் கதவிலும் வேலிக் கம்பத்திலும் சிங்களத்தில் மட்டும் எழுதிய அறிவித்தல் ஒட்டப்பட்டது. அந்த நாளை நான் முதல் நாளாக எண்ணுகிறேன். ஊரில் சிங்களம் வாசிக்கத் தெரிந்த ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் மகளைப் பார்க்கப் போயிருந்தார். அவர் திரும்பி வந்து வாசித்தது ஆறாம் நாள். அது 1979 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்க அரச காணிகள் (உடைமை மீட்டல்) சட்டத்தின் 3 ஆவது பிரிவின் கீழான வெளியேறல் அறிவித்தல். குறித்த திகதிக்குள் காணியை விட்டுப் போகாவிட்டால் நீதவான் நீதிமன்றத்தில் வழக்கு வரும் என்று இருந்தது.

ஆறாம் நாளிலிருந்து பதினாறாம் நாள் வரை ஊரார் அரசியல்வாதிகளைச் சந்தித்தார்கள். அதில் அவர்களைக் குறை சொல்ல முடியாது. கொட்டியாரக் குடாவின் தெற்குக் கரையில், சம்பூரில், 2015 இல் முதலீட்டுக்கென ஒதுக்கிய 818 ஏக்கரும் 2016 இல் கடற்படை வைத்திருந்த 237 ஏக்கரும் விடப்பட்டதை எல்லோரும் பார்த்திருந்தார்கள். “சம்பூரை விட்டவங்கள்தானே, எங்கடையையும் விடுவாங்கள்” என்று சங்கத் தலைவர் எங்களிடம் சொன்னார். சம்பூர்க் காணி ஒன்பது வருட முகாம் வாழ்க்கைக்கும் தொடர் வழக்குகளுக்கும் பிறகு வந்தது என்பதை அந்த நம்பிக்கை மறைத்துவிட்டது.

பதினேழாம் நாள் எட்டுப் பேர் எங்கள் அலுவலகத்துக்கு வந்தார்கள்.

அவதானித்தவை

சட்டத்தரணி முதலில் கேட்ட கேள்வி “எப்ப ஒட்டினவை?” என்பது. காணியைப் பற்றிய கேள்விகள் அதற்குப் பிறகுதான் வந்தன. அடிப்படை உரிமை மனுவை மீறல் நடந்து ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்ய வேண்டும். 17 நாள் போய்விட்டது. மீதி இரண்டு வாரத்துக்குள் 23 குடும்பங்களின் சத்தியக்கடதாசிகளைத் தமிழில் எழுதி, சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரைக் கொண்டு ஆங்கிலத்துக்கு மாற்றி, கொழும்பில் ஒப்படைக்க வேண்டும்.

அடுத்து அவர் எங்களுக்கு விளங்கப்படுத்தியது உடைமை மீட்டல் சட்டத்தின் கடுமையை. இதைத் தெரியாமல் நீதவான் நீதிமன்றத்துக்குப் போய் “நாங்கள் மூன்று தலைமுறையாக இருக்கிறோம், தென்னை வைத்தோம், கிணறு கட்டினோம்” என்று சொல்லித் தோற்றவர்களை நான் பிறகும் பார்த்திருக்கிறேன். அறிவித்தல் கொடுப்பதற்கு முன் குடியிருப்பவரைக் கேட்க வேண்டிய கடமை அந்தச் சட்டத்தின்படி அதிகாரிக்கு இல்லை. நீதவான் முன் வந்த பிறகும் 9 ஆவது பிரிவு ஒரே ஒரு வாசலைத்தான் திறந்து வைத்திருக்கிறது: வலிதான அனுமதிப்பத்திரம் அல்லது அரசின் வேறு எழுத்துமூல அதிகாரம் இருக்கிறது, அது இன்னும் நடைமுறையில் இருக்கிறது என்று காட்ட வேண்டும். காணி அரசுடையதா என்று விவாதிக்க முடியாது. விண்ணப்பத்துக்கு ஆதாரமாக அதிகாரியிடம் சாட்சியம் கேட்க நீதவானுக்கே அதிகாரமில்லை. வெளியேற்றக் கட்டளைக்கு எதிராக மேன்முறையீடும் இல்லை. காணி தங்களுடையது என்று நிறுவ ஆறு மாதத்துக்குள் உரித்து வழக்குப் போடலாம். அதில் வென்றாலும் கிடைப்பது நட்டஈடு.

ஆகவே கேள்வி ஒன்றாகச் சுருங்கியது: 1990 இல் காணாமற்போன பெர்மிட் எங்கே இருக்கிறது என்று யாரிடம் கேட்பது?

பெர்மிட்டின் மூலம் வீட்டோடு போனாலும் அதன் பதிவு பிரதேச செயலகத்தின் காணிப் பேரேட்டில் இருக்க வேண்டும். பெர்மிட்டை ரத்துச் செய்வதற்குக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தில் தனி நடைமுறை உண்டு. 106 ஆவது பிரிவின்படி காரணம் காட்டச் சொல்லி அறிவித்தல் கொடுத்து, விசாரித்து, மேன்முறையீட்டுக்கு இடமும் தர வேண்டும். அப்படி எதுவும் நடக்காத பெர்மிட் சட்டத்தின் பார்வையில் இன்னும் உயிரோடு இருக்கிறது. யுத்தத்தால் ஊரை விட்டுப் போனது அதைச் சாகடித்துவிடாது. இந்த வாதத்தின் மேல்தான் வழக்கு முழுவதும் கட்டப்பட்டது.

முதல் முடிவுகள், அவற்றின் காரணங்கள்

பதினெட்டாம் நாள், 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் இரண்டு விண்ணப்பங்கள் போனது. ஒன்று பிரதேச செயலகத்துக்கு: பேரேட்டின் அந்த ஊர்ப் பக்கங்கள், ஆண்டுக் கட்டணப் பதிவுகள், 106 ஆவது பிரிவின் கீழ் ஏதாவது நடவடிக்கை எடுக்கப்பட்டதா என்ற விவரம். மற்றது அறிவித்தல் ஒட்டிய நிறுவனத்துக்கு: எந்த நில அளவை வரைபடத்தின் அடிப்படையில் இந்த எல்லை குறிக்கப்பட்டது? சட்டப்படி 14 வேலை நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும்.

அவ்வளவு நாள் காத்திருந்தால் ஒரு மாதம் முடிந்துவிடும். எனவே இருபதாம் நாள் மனித உரிமைகள் ஆணைக்குழுவின் திருகோணமலைப் பிராந்திய அலுவலகத்தில் முறைப்பாடு கொடுத்தோம். 1996 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்க ஆணைக்குழுச் சட்டத்தின் 13 ஆவது பிரிவின்படி, ஒரு மாதத்துக்குள் முறைப்பாடு கொடுத்திருந்தால் அங்கே விசாரணை நடக்கும் காலம் அந்த ஒரு மாதக் கணக்கில் சேராது. முறைப்பாட்டைக் கையளித்த ரசீது மட்டும் இதற்குப் போதாது, விசாரணை உண்மையில் நடைபெறுவதைக் காட்ட வேண்டும் என்று உயர் நீதிமன்றம் தீர்ப்புகளில் சொல்லியிருக்கிறது. அதனால் ஆணைக்குழுவிடமிருந்து விசாரணைத் திகதி குறித்த கடிதத்தை எழுத்தில் கேட்டு வாங்கினோம்.

இங்கே நடந்த பிழை என்னுடையது. முறைப்பாட்டில் அன்று நகருக்கு வந்திருந்த 16 குடும்பங்கள் கையெழுத்திட்டன. மீதி ஏழு பேரின் கையெழுத்தை ஊருக்குப் போய் எடுத்து வருவது என் வேலை. மாரி பிடித்துவிட்டது, தாழ்பாலத்தின் மேல் வெள்ளம் ஓடியது, நாளை போகலாம் என்று இரண்டு நாள் தள்ளினேன். பிறகு பேரேட்டு வேலை வந்தது. அந்த ஏழு பேரின் பெயர் முறைப்பாட்டில் ஏறவேயில்லை. அப்போது அது பெரிய விடயமாகப் படவில்லை. ஏழு பேருக்கு ஒரு நீதிமன்றத்தின் கதவை அந்தத் தாமதம் மூடியது என்பது ஏழு மாதத்துக்குப் பிறகே விளங்கியது.

பேரேடு வந்தது நாற்பத்தோராம் நாள். செயலகத்தில் ஓர் இலிகிதர் பழைய அலுமாரியின் அடித்தட்டிலிருந்து அதைத் தேடி எடுத்திருந்தார். ஓரங்களைக் கறையான் அரித்திருந்தது. பெயர்களும் துண்டு இலக்கங்களும் தப்பியிருந்தன. இந்த வழக்கில் வென்றதில் பாதி அவருடைய உழைப்பு. 23 குடும்பங்களில் 14 குடும்பங்களின் பெயரோ பெற்றோரின் பெயரோ அதில் இருந்தது. ஒன்றுகூட ரத்துச் செய்யப்படவில்லை. மற்ற ஒன்பது குடும்பங்களும் 2003 க்குப் பிறகு உறவினரின் பக்கத்து நிலத்திலோ வெறும் நிலத்திலோ கொட்டில் போட்டவர்கள். அவர்களிடம் வீட்டுத்திட்டக் கடிதமும் மின்சாரப் பட்டியலும் இருந்தன. காணிக்கான எழுத்துமூல அதிகாரம் என்று காட்ட அவை போதாது.

எந்த நீதிமன்றம்?

நெருக்கமானது திருகோணமலை மாகாண மேல் நீதிமன்றம். பஸ்சில் வந்து போகலாம், தமிழில் பேசலாம். ஆனால் 2013 செப்டெம்பர் 26 ஆம் திகதி, ஸ்ரஃபோர்ட் தோட்டக் கண்காணிப்பாளர் எதிர் சோலைமுத்து ராசு வழக்கில் உயர் நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பு அந்த வழியை அடைத்திருந்தது. அரச காணி தொடர்பான வெளியேறல் அறிவித்தலுக்கு எதிராக எழுத்தாணை, அதாவது அதிகாரியின் முடிவை ரத்துச் செய்யும் அல்லது தடுக்கும் நீதிமன்றக் கட்டளை, வழங்க மாகாண மேல் நீதிமன்றத்துக்கு நியாயாதிக்கம் இல்லை. கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும். திருகோணமலையில் வலை இழுக்கும் ஒருவருக்கு இதன் பொருள், ஒவ்வொரு தவணைக்கும் முன்னிரவில் ரயில் ஏறி, விடியுமுன் கோட்டையில் இறங்கி, குந்தியிருந்து, பத்து மணிக்கு அடுத்த தவணை இன்ன நாள் என்று கேட்டு, அன்றிரவே திரும்புவது. அதிகாரப் பகிர்வைப் பற்றி ஆயிரம் கூட்டங்களில் பேசுகிறோம். அதன் அளவை அந்த ரயில் பெட்டியில் நான் தெரிந்துகொண்டேன்.

உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுவா, மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை மனுவா என்பதில் சட்டத்தரணி மூன்று நாள் யோசித்தார். அதே கரையில் ஒரு சுற்றுலா விடுதிக்கு அறிவித்தல் போகவில்லை. சமத்துவ உரிமையை மீறியதாக அதைக் காட்டும்படி ஊரார் வற்புறுத்தினார்கள். நானும் வற்புறுத்தினேன். “அந்தக் காணியின்ர கடதாசியைப் பார்க்காமல் நான் அதை எழுதமாட்டன்” என்றார். பிறகு பார்த்தபோது விடுதி நீண்டகாலக் குத்தகையில் இருந்தது. மனுவில் அதை எழுதியிருந்தால் முதல் தவணையிலேயே எங்கள் நம்பகத்தன்மை போயிருக்கும். கடைசியில் பேரேட்டை மையமாக வைத்து எழுத்தாணை மனு போடுவது என்று முடிவானது. அரசியலமைப்பின் 22 ஆவது உறுப்புரையின்படி வடக்கு கிழக்கில் நிர்வாக மொழியாகத் தமிழும் இருக்க, அறிவித்தல் சிங்களத்தில் மட்டும் வந்ததை இரண்டாவது காரணமாகச் சேர்த்தோம்.

பதினான்காமவரும், காணாமற்போனவரின் மனைவியும்

எழுத்தாணை கேட்பவர் உண்மை முழுவதையும் நீதிமன்றத்துக்குச் சொல்ல வேண்டும். ஒன்றை மறைத்தாலும் மற்றதெல்லாம் சரியாக இருந்தும் மனு தள்ளுபடியாகும். ஒவ்வொரு குடும்பத்தையும் தனித்தனியே இருத்தி, இரண்டு தடவை, ஒரே கேள்விகளை வேறு ஒழுங்கில் கேட்டோம். பதினான்காமவர் 2012 இல் தன் துண்டின் பாதியை வெளியாள் ஒருவருக்குக் காசுக்கு விட்டிருந்தது இரண்டாம் தடவையில் வந்தது. அனுமதி இல்லாமல் அப்படிக் கைமாற்றுவது பெர்மிட் நிபந்தனைக்கு மாறானது. அவரைச் சேர்த்தால் 13 பேரின் மனுவும் ஆட்டம் காணும். சட்டத்தரணி அவரைத் தனியே கூப்பிட்டு, “அண்ணன், உங்களை இதில சேர்க்க ஏலாது. உங்களுக்காக நீதவான் கோர்ட்டில தனிய நிப்பன்” என்றார். அவர் கோபித்துக்கொண்டு போனார். ஒரு கிழமையில் திரும்பி வந்து, அது சரிதான் என்றார்.

மற்றது ஒரு பெண்ணின் காரியம். பேரேட்டில் இருந்தது கணவரின் பெயர். அவர் 1990 இல் காணாமற்போனவர். பெர்மிட்காரர் இறந்தால் மனைவி பின்னுரித்தாளராகலாம். அதற்கு மரணச் சான்றிதழ் வேண்டும். 2010 ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் அதை எடுக்கலாம் என்று முன்பு பலர் அவரிடம் சொல்லியிருக்கிறார்கள். 27 வருடம் அவர் எடுக்கவில்லை. “என்ர மனுசன் செத்துப்போனார் எண்டு நான் ஏன் எழுதிக் குடுக்க வேணும்? கண்டவை சொல்லட்டும்.” சட்டத்தரணி அவரை வற்புறுத்தவில்லை. 2016 இல் அந்தச் சட்டத்தைத் திருத்தி, காணக்கிடைக்காமைச் சான்றிதழ் என்று ஒன்று கொண்டுவரப்பட்டிருந்தது. ஆளை இறந்தவராக்காமல், காணவில்லை என்பதை மட்டும் அரசு ஒப்புக்கொள்ளும் பத்திரம் அது. அதற்கு விண்ணப்பித்து, விண்ணப்பத்தின் பிரதியை மனுவோடு இணைத்து, பெர்மிட் கணவரின் பெயரில் நடைமுறையில் உள்ளது, மனைவி அவருடைய வீட்டில் இருக்கிறார் என்று எழுதினோம். கொஞ்சம் பலவீனமான வாதம்தான். வழக்கை வெல்வதற்காக ஒரு பெண்ணை அவர் 27 வருடம் மறுத்துவந்த வார்த்தையை எழுதச் சொல்வதில்லை என்பது சட்டத்தரணியின் முடிவு. இத்தனை வருட முடிவுகளில் நான் மிகவும் மதிப்பது இதைத்தான்.

பதின்மூன்றும் பத்தும்

2018 ஜனவரியில் நிறுவனம் 23 பேருக்கும் எதிராக நீதவான் நீதிமன்றத்தில் தனித்தனி விண்ணப்பம் போட்டது. மார்ச்சில் நாங்கள் 13 பேருக்காகக் கொழும்பில் எழுத்தாணை மனுத் தாக்கல் செய்தோம். அங்கே தோன்றிய சிரேஷ்ட சட்டத்தரணி கட்டணம் வாங்கவில்லை. மொழிபெயர்ப்பு, முத்திரை, பிரதிச் செலவை 23 குடும்பங்களும் சேர்ந்து கட்டின. இந்த ‘சேர்ந்து’ என்ற சொல்லைத்தான் நாங்கள் சரியாக யோசிக்கவில்லை.

பலமான வழக்கையும் பலவீனமான வழக்கையும் ஒன்றாகக் கட்டக்கூடாது என்பது தொழில்ரீதியாகச் சரியான முடிவு. இன்றும் அதையே செய்வேன். அதைச் சொன்ன விதம் பிழை. சட்டத்தரணி பேரேட்டில் பெயர் உள்ளவர்களை அலுவலகத்துக்கு அழைத்து, மனுவை வாசித்துக் காட்டி, கையெழுத்து வாங்கினார். மற்றவர்களுக்குப் பிறகு ஒரு கூட்டம் வைத்துச் சொல்லலாம் என்றிருந்தோம். அடுத்த நாள் காலையே தேநீர்க் கடையில் செய்தி போய்விட்டது. காசு எல்லோரிடமும் வாங்கி, கொழும்புக்குப் பாதிப் பேரை மட்டும் கூட்டிப் போகிறார்கள் என்று கதை வந்தது. அந்த ஒன்பதில் ஆறு முஸ்லிம் குடும்பங்கள். பெயர் இருந்த 13 இல் இரண்டுதான் முஸ்லிம் குடும்பங்கள். பேரேட்டின் கணக்கு அது. ஊரின் காதில் அது வேறுவிதமாக விழுந்தது. ஒரே தோணியில் தொழிலுக்குப் போன இருவர் ஒரு மாதம் பேசாமல் இருந்தார்கள்.

நாங்கள் ஊருக்குப் போய்ப் பள்ளிவாசல் முற்றத்தில் கூடியபோது ஒரு உம்மா கேட்டார்: “மகள், எங்கட கேஸ் தோக்கும் எண்டு உங்களுக்குத் தெரியும். எங்களுக்கு ஏன் முதல் சொல்லல்ல?” சட்டத்தரணி எழும்பி நின்று, “அது என்ர பிழை, உம்மா” என்றார். காசைக் கணக்குப் பார்த்து அந்தப் பத்துக் குடும்பத்துக்கும் திருப்பிக் கொடுத்தோம். அதற்கு முன்பே ஒரு குடும்பம், நீதிமன்றம் எதுவும் சொல்லாமலே, வீட்டுக் கூரையைக் கழற்றிக்கொண்டு கிண்ணியாவுக்குப் போய்விட்டது. அவர்களைத் திரும்பக் கூட்டிவர முடியவில்லை.

அந்தக் கூட்டத்துக்குப் பிறகுதான் உயர் நீதிமன்றத்தில் மொழி உரிமையை முன்வைத்து ஒன்பது பேருக்காக அடிப்படை உரிமை மனு போடலாமா என்று பைலை எடுத்தோம். ஆணைக்குழு விசாரணை அப்போதும் நடந்துகொண்டிருந்தது. நான் எடுக்கத் தவறிய ஏழு கையெழுத்தும் இந்த ஒன்பதுக்குள்ளேயே இருந்தன. கையெழுத்திட்ட இரண்டு பேருக்கு மட்டும் வழி இருந்தது. தாங்கள் மட்டும் போக மாட்டோம் என்று அந்த இருவரும் மறுத்தார்கள்.

என்ன விளைந்தது

கொழும்பில் எதிர்மனுதாரர்களுக்கு அறிவித்தல் அனுப்பப்பட்டது. 13 பேரின் நீதவான் நீதிமன்ற நடவடிக்கைகளை நிறுத்தி இடைக்காலக் கட்டளை கிடைத்தது. ஒவ்வொரு தவணையிலும் அது நீடிக்கப்பட்டது. 2018 ஒக்டோபர் அரசியல் குழப்பம், 2019 உயிர்த்த ஞாயிறுத் தாக்குதல், 2020 மார்ச்சில் கொரோனா என்று நாட்டின் ஒவ்வொரு சோதனையும் எங்கள் தவணைக்குள்ளும் வந்து போனது. 2020 இன் பிற்பகுதியில், பேரேட்டுப் பக்கங்களைப் பார்த்த சட்டமா அதிபர் திணைக்களச் சட்டத்தரணி தீர்வுக்கு உடன்பட்டார். 13 அறிவித்தல்களும் வாபஸ் பெறப்படும், தேவைப்பட்டால் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் நடைமுறைப்படி மட்டும் நடவடிக்கை எடுக்கப்படும் என்ற உறுதிமொழி பதிவாகி, மனு முடிவுக்கு வந்தது. தீர்ப்பு எழுதப்படவில்லை. ஆகவே அடுத்த ஊருக்கு முன்னுதாரணமாகக் காட்ட எங்களிடம் எதுவும் இல்லை. மனுதாரர்களிடம் கேட்டோம்: வழக்கைத் தொடர்ந்து தீர்ப்பு வாங்குவதா, இதை ஏற்பதா? ஒருவர்கூடத் தொடரச் சொல்லவில்லை. வீடு அவர்களுடையது. முடிவும் அவர்களுடையதே.

நீதவான் நீதிமன்றத்தில் மீதிப் பத்தில் ஒன்பது பேருக்காக நின்றோம். இரண்டாவது தகவல் விண்ணப்பம், அதாவது வரைபடம் கேட்டது, முதலில் மறுக்கப்பட்டது. நிறுவனத்திலேயே மேன்முறையீட்டைக் கேட்கும் குறித்தளிக்கப்பட்ட அதிகாரிக்கு மேன்முறையீடு செய்து, பிறகு தகவல் அறியும் உரிமை ஆணைக்குழு வரை போனோம். 2019 தொடக்கத்தில் வரைபடம் கைக்கு வந்தபோது, நான்கு பேரின் துண்டுகள் அந்த எல்லைக்கு வெளியே கிடந்தன. அந்த நான்கு விண்ணப்பங்களையும் நிறுவனமே மீளப் பெற்றது. ஐந்து பேருக்கு எதிராக 2019 ஜூனில் வெளியேற்றக் கட்டளை வந்தது. அவர்களில் ஒருவர் பதினான்காமவர். செப்டெம்பரில், நீதிமன்றக் கட்டளையை நிறைவேற்றும் பிஸ்கல் உத்தியோகத்தரும் பொலிசாரும் வந்தார்கள். சட்டத்தரணி அன்று ஊரில் நின்றார். செய்வதற்குச் சட்டத்தில் எதுவும் மிஞ்சியிருக்கவில்லை. ஓடுகளை உடையாமல் இறக்க அவகாசம் கேட்டு வாங்கினார். பின்னேரம் நான்கு மணி வரை கொடுத்தார்கள். அரச காணி வழங்குவதற்கான நேர்முக விசாரணையான காணிக் கச்சேரி மூலம் மூன்று குடும்பங்களுக்கு 2021 இல் உள்ளே தள்ளி மாற்றுக் காணி கிடைத்தது. கடலுக்குத் தூரம். இரண்டு குடும்பங்களுக்கு இன்னும் கிடைக்கவில்லை.

மாற்ற வேண்டியவை

இந்த வழக்குக்குப் பிறகு சட்டத்தரணியின் அலுவலகத்தில் சில நடைமுறைகள் மாறின. இன்னும் சில மாற வேண்டும்.

ஒரு கூட்டத்துக்காக வழக்கு எடுக்கும்போது, யாருடைய வழக்கு பலமானது, யாருடையது பலவீனமானது என்பதை முதல் கூட்டத்திலேயே, எல்லோரும் இருக்கும் இடத்தில், அவர்களுடைய ஊரிலேயே சொல்கிறோம். பைல் ஆயத்தமாகும் வரை காத்திருப்பதில்லை. பணம் வாங்குவதும் அதற்குப் பிறகுதான். இதனால் சிலர் முதல் நாளே எழும்பிப் போகிறார்கள். அப்படிப் போனாலும் பரவாயில்லை.

முறைப்பாட்டுக் கையெழுத்தை அலுவலகத்தில் எடுப்பதில்லை. வீடு வீடாகப் போய், பெயர்ப் பட்டியலோடு ஒப்பிட்டு எடுக்கிறோம். விடுபட்டவரின் பெயரைச் சிவப்பு மையால் சுவரில் எழுதி ஒட்டி வைத்திருப்பது என் வழக்கம்.

வரைபடத்துக்கான தகவல் விண்ணப்பத்தைப் பேரேட்டு விண்ணப்பத்தை விட மெதுவாக நகர்த்தினோம். பேரேட்டில் வென்றுவிடலாம் என்ற எண்ணத்தில், மறுப்புக்குப் பிந்திய 14 நாள் மேன்முறையீட்டைக் கடைசி நாளில்தான் போட்டோம். நான்கு குடும்பங்கள் தங்கள் வீடு எல்லைக்குள்ளேயே இல்லை என்பது தெரியாமல் ஒரு வருடத்துக்கு மேல் நீதிமன்றத்துக்கு அலைந்தன. கிண்ணியாவுக்குப் போன குடும்பத்தின் துண்டையும் அந்த வரைபடத்தில் நான் வைத்துப் பார்த்தேன். அதுவும் எல்லைக்கு வெளியேதான் இருந்தது.

இப்போது மாதத்தில் ஒரு சனிக்கிழமை சட்டத்தரணி ஏதாவதொரு கரையோர ஊருக்குப் போகிறார். வழக்கு இல்லாத ஊர்களுக்கும் போகிறார். சனம் பெட்டிக்குள்ளிருந்தும் கூரை இடுக்கிலிருந்தும் கடதாசிகளைக் கொண்டு வருகிறார்கள். பிரதி எடுத்து, பேரேட்டு இலக்கத்தைக் கேட்டு விண்ணப்பம் எழுதி, மூலத்தை அவர்களிடமே கொடுத்துவிட்டு வருகிறோம். போன மாதம், ஈரத்தில் ஒட்டிப்போன அந்தப் பெர்மிட்டின் சொந்தக்காரர் வேறு ஊரிலிருந்து தன் மருமகனைக் கூட்டி வந்திருந்தார். மருமகனின் கையில் ஓர் அறிவித்தல் இருந்தது. ஒட்டி நான்கு நாள்.